யாழ்தேவி ஏறி கோட்டாகோகம போன கதை

மே 16, 2022, திங்கள்

"வெள்ளி வரை கடை பூட்டு" என்று எழுதி வாசலில் ஒட்டிவிட்டுக் கிளம்பினேன். எழுதியது ஒரு பிஸ்கட் பெட்டி மட்டையின் பின்பக்கத்தில். போட்டோகொப்பி அடிக்கும் கொமினிகேசன் கடை வைத்திருப்பவனுக்கே தாள் அருமையான பொருளாகிவிட்டது. போன வருடம் ஒரு கட்டு ஏ4 வாங்கிய காசுக்கு இப்போது அரைக் கட்டும் வராது. மார்ச்சில் மேல் மாகாணத்தில் தாள் இல்லாமல் பள்ளிக்கூடப் பரீட்சையையே தள்ளிவைத்தார்கள் என்றால் பாருங்கள்.

கொழும்பில் எனக்கு ஒரு வேலை இருக்கிறது: தங்கச்சியின் சான்றிதழ்களை உறுதிப்படுத்தி எடுக்க வேண்டும். வீட்டில் சொன்ன காரணம் அது. உண்மையில் நான் போவது காலிமுகத்திடலைப் பார்க்க. ஏப்ரல் 9ஆம் திகதி தொடங்கி, ஜனாதிபதி கோட்டாபயவைப் போகச் சொல்லி அவருடைய செயலக வாசலில் சனம் கூடாரம் அடித்து, அதற்கு ஒரு ஊர்ப்பெயரும் வைத்துக்கொண்டு இருக்கிறது. கோட்டாகோகம. 'கம' என்றால் சிங்களத்தில் கிராமம். 'கோட்டா கோ ஹோம்' என்ற கோஷத்தை ஊர்ப்பெயராக்கிய குறும்பு எனக்குப் பிடித்திருந்தது. கைபேசியில் ஒரு மாதம் பார்த்தாயிற்று. நேரில் போய்ப் பார்க்காவிட்டால் பிறகு மனம் அரிக்கும்.

பக்கத்துத் தேத்தண்ணிக் கடை அண்ணை சிரித்தார். "அவங்களுக்கு இப்பதான் காஸ் முடிஞ்சிருக்கு. எங்களுக்குத் தொண்ணூறிலேயே முடிஞ்சுது. போறதுதான் போறாய், ஜாம் போத்தல் விளக்கு எப்பிடிச் செய்யிறதெண்டு சொல்லிக் குடுத்திட்டு வா."

இந்தப் பகிடி யாழ்ப்பாணத்தில் இப்போது எல்லா வாயிலும் இருக்கிறது. பொருளாதாரத் தடைக் காலத்தில் பெற்றோல், பற்றரி, சவர்க்காரம் எல்லாம் எங்களுக்குத் தடைப் பொருள். இரண்டு சொட்டுப் பெற்றோலில் ஸ்ராட் பண்ணி மிச்சத் தூரத்தை மண்ணெண்ணெயில் ஓட்டிய ஊர் இது. பகிடிக்குப் பின்னால் ஒரு கசப்பும் இருக்கிறது. எங்களுக்கு நடந்தபோது நீங்கள் எங்கே இருந்தீர்கள்? அந்தக் கேள்வியையும் பையில் போட்டுக்கொண்டுதான் யாழ்தேவி ஏறினேன். பஸ்ஸை நம்ப முடியவில்லை. டீசல் முடிந்து புத்தளம் காட்டுக்குள் நின்றால் என்ன செய்வது?

கொடிகாமம் தாண்டி முகமாலைப் பக்கம் வரும்போது எப்போதும் யன்னலோரம் வந்துவிடுவேன். மண்டையோடு போட்ட சிவப்புப் பலகைகள் இன்னும் நிற்கின்றன. போர் முடிந்து 13 வருடமாகிறது, இன்னும் மிதிவெடி தோண்டி எடுக்கிறார்கள். ரயில் அந்த இடத்தை ஒரு நிமிடத்தில் கடந்துவிடுகிறது.

அநுராதபுரத்தில் ஒரு ஐயா ஏறி எதிரே உட்கார்ந்தார். வெள்ளைச் சட்டை, கையில் துணிப் பை. வெசாக்குக்கு மகளோடு வந்து ருவன்வெலிசாயவைக் கும்பிட்டுவிட்டுத் திரும்புகிறார். கோட்டாபய 2019 நவம்பர் 18ஆம் திகதி பதவிப் பிரமாணம் எடுத்த விகாரை அதுதான். என் சிங்களம் கடைச் சிங்களம். விலை கேட்கவும் வழி கேட்கவும் போதும். அவருடைய தமிழ் அதைவிடக் குறைவு. ஆனாலும் விளங்கியது. நாலு ஏக்கர் வயல். போன வருடம் ஒரே இரவில் இரசாயனப் பசளையைத் தடைசெய்தார்கள். இரண்டு விரலை நெல்மணி அளவுக்கு ஒடுக்கிக் காட்டி, "இவ்வளவுதான் கதிர்" என்றார். யாருக்கு வாக்குப் போட்டீர்கள் என்று நான் கேட்கவில்லை. அவரே நெஞ்சில் கைவைத்து, "ஹெட்ட நவ லக்ஷய" என்று சொல்லிச் சிரித்தார். கோட்டாபயவுக்கு விழுந்த 69 இலட்சம் வாக்கில் அவருடையதும் ஒன்று. அந்த எண் இப்போது தெற்கில் ஒரு வசைச்சொல். யாரும் தனக்குச் சூட்டிக்கொள்ள மாட்டார்கள் என்று நினைத்திருந்தேன்.

பொல்கஹவெலவில் ரயில் நின்றபோது அவர் கிழக்குப் பக்கமாகக் கைகாட்டி, "ரம்புக்கன" என்றார். கண்டிப் பாதை பிரிகிற பக்கம். ஏப்ரல் 19ஆம் திகதி பெற்றோல் விலையேற்றத்துக்கு எதிராக அங்கே தண்டவாளத்தை மறித்த சனத்தை பொலிஸ் சுட்டது. ஒருவர் செத்துப்போனார். அதற்குப் பிறகு கோட்டை வரை நாங்கள் அதிகம் பேசவில்லை.

இரவு வெள்ளவத்தையில் மாமி வீடு. இடியப்பமும் சொதியும். மாமி கைபேசியில் புதுப் பிரதமரின் உரையைப் போட்டு வைத்திருந்தார். மகிந்த விலகி, ரணில் வந்து நாலு நாள். ஒரு நாளைக்குத் தேவையான பெற்றோல்தான் கையில் இருக்கிறது என்று ரணில் சொன்னார். வரப்போகும் இரண்டு மாதம்தான் வாழ்க்கையிலேயே கஷ்டமான காலமாம். மாமி உரையை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார்.

"நாளைக்கு அங்க போகப் போறியே?"

"சும்மா பாத்திட்டு வாறன் மாமி."

"83 கலவரத்திலயும் கன பேர் சும்மா பாக்கப் போனவைதான்."

மே 17, செவ்வாய்

காலி வீதியில் 100ஆம் இலக்க பஸ். வெள்ளவத்தையில் இருந்து கொள்ளுப்பிட்டி வரை இடதுபக்கம் முழுக்க வரிசை. ஓட்டோ வரிசை ஒன்று, கார் வரிசை ஒன்று. அப்புறம் ஆட்களே இல்லாத ஒரு வரிசை: வெறும் காஸ் சிலிண்டர்கள், ஒன்றோடொன்று சங்கிலியால் கட்டப்பட்டு, ஆட்டுக்குட்டிகள் போல நடைபாதையில் நிற்கின்றன. சொந்தக்காரர்கள் வீட்டுக்குக் குளிக்கப் போயிருப்பார்கள். 12.5 கிலோ சிலிண்டர் 4,860 ரூபா. அதுவும் வந்தால்தான்.

அலரி மாளிகை வாசலில் இராணுவம். போன வாரம் 9ஆம் திகதி இங்கிருந்துதான் மகிந்தவின் ஆட்கள் பொல்லுகளோடு வெளிக்கிட்டு, மகிந்தவை விலகச் சொல்லி வாசலில் அடித்திருந்த மைனாகோகம கூடாரங்களை உடைத்து, அப்படியே காலிமுகத்திடலுக்குப் போய்க் கூடாரங்களைக் கொளுத்தினார்கள். அதன் பிறகு கொழும்புச் சனம் அவர்களைப் பிடித்து பேரே வாவிக்குள் இறக்கியதும், நாடு முழுக்க அரசியல்வாதிகளின் வீடுகள் எரிந்ததும், மறுநாள் விடியுமுன்னே மகிந்த திருகோணமலைக் கடற்படை முகாமுக்கு ஓடும் நிலை வந்ததும் எல்லாருக்கும் தெரியும். எங்கள் ஊரில் அந்தக் கடைசிச் செய்தியைக் கேட்டுச் சிரிக்காதவர்கள் இல்லை. தமிழ்ச் சனம் வாழும் ஊரில் போய் ஒளிக்க வேண்டி வந்ததே என்று.

பஸ் திரும்பியதும் கடல். இன்று 39ஆவது நாள்.

முதலில் கண்ணில் பட்டது கூடாரங்கள் இல்லை, பண்டாரநாயக்க சிலை. கண்களைக் கறுப்புத் துணியால் கட்டியிருக்கிறார்கள். எனக்குக் கால் அங்கேயே நின்றுவிட்டது. 1956 ஜூன் 5ஆம் திகதி, அவர் கொண்டுவந்த சிங்களம் மட்டும் சட்டத்தை எதிர்த்து தந்தை செல்வாவும் அவருடைய ஆட்களும் இதே புல்வெளியில் சத்தியாக்கிரகம் இருந்தார்கள். காடையர்கள் அடித்தார்கள். அமிர்தலிங்கத்துக்கு மண்டை உடைந்தது. சட்டத்தை விவாதித்த நாடாளுமன்றம் எது என்றால், இன்று ஜனாதிபதி செயலகமாக இருக்கிற இதே தூண் வைத்த கட்டடம்தான். இங்கே தேசியக் கொடியைப் போர்த்திக்கொண்டு சிலைக்குக் கீழே செல்பி எடுக்கும் பிள்ளைகளுக்கு அது தெரியுமோ தெரியாது. யார் அந்தத் துணியைக் கட்டியது, என்ன நினைத்துக் கட்டியது என்றும் நான் விசாரிக்கவில்லை. என் விளக்கம் எனக்கு இருக்கட்டும்.

கிராமம் என்றால் கிராமம்தான். எரித்த கூடாரங்களுக்குப் பதிலாகப் புதியவை எழுந்துவிட்டன. நூலகம் இருக்கிறது, சப்பாத்தைக் கழற்றிவிட்டு உள்ளே போக வேண்டும். முதலுதவிக் கூடாரம், சட்ட உதவி, மக்கள் பல்கலைக்கழகம், கைபேசி சார்ஜ் பண்ணும் இடம், 'கண்ணீர்ப்புகை' என்று பெயர் வைத்த திரைப்படக் கூடாரம். சமையற்கட்டில் பெரிய தாச்சியில் பருப்பு கொதிக்கிறது. யார் வந்தாலும் சோற்றுப் பார்சல். இறால் வடை வண்டிக்காரர்கள் வழக்கம்போல கடல் பக்கம் நிற்கிறார்கள். இவ்வளவு வியாபாரம் அவர்கள் வாழ்நாளில் பார்த்திருக்க மாட்டார்கள். ஒரு பக்கம் ஐந்து நட்சத்திர ஹோட்டலின் கண்ணாடி, மற்றப் பக்கம் கடலை நிரப்பி எடுத்த துறைமுக நகரத்தின் வெறும் மணல். நடுவில் இந்த தார்ப்பாய் ஊர்.

நான் பார்த்தது பதாகைகளைத்தான். தொழில் புத்தி. அச்சடித்தவை மிகக் குறைவு. பெரும்பாலும் மட்டை, பழைய துணி, சாக்கு. கையெழுத்து. சிங்களம் நிறைய, ஆங்கிலம் அதற்கு அடுத்தது, தமிழ் இங்கொன்றும் அங்கொன்றும்.

ஒரு மர நிழலில் மூன்று மாணவர்கள் தரையில் உட்கார்ந்து மட்டையில் வர்ணம் பூசிக்கொண்டிருந்தார்கள். ஒரு பிள்ளை கைபேசியைப் பார்த்துப் பார்த்துத் தமிழ் எழுதுகிறாள். எழுதவில்லை, வரைகிறாள். கீழிருந்து மேலாகக் கோடு இழுத்து 'ண'வுக்குச் சுழி போடுகிறாள். எட்டிப் பார்த்தேன். 'காணமல் ஆக்கபட்டோர் எங்கே?'

இந்த நாட்டில் பிழையான தமிழ்ப் பலகை ஒன்றும் புதிதில்லை. பஸ் நிலையத்திலும் ஆஸ்பத்திரியிலும் பார்த்துப் பார்த்துச் சிரித்துப் பழகிவிட்டோம். ஆனால் இது அரசாங்கப் பலகை இல்லை. குனிந்து, "நங்கி, பொட்டக் வரதி" என்றேன். தங்கச்சி, கொஞ்சம் பிழை. தூரிகையை உடனே என் கையில் தந்துவிட்டாள். 'ண'வுக்குப் பக்கத்தில் ஒரு அரவு நுழைக்க இடம் இருந்தது. 'ப்' நுழைக்க இடமே இல்லை. கடைசியில் மேலே சின்னதாக எழுதி அம்புக்குறி போட்டேன். கடையில் வாடிக்கையாளர் இப்படி எழுதிக்கொண்டு வந்தால் திட்டியிருப்பேன்.

எங்கிருந்து என்று கேட்டார்கள். யாழ்ப்பாணம் என்றதும் ஒரு நொடி அமைதி. பிறகு பிளேன்ரீ வந்தது, சீனிக்குப் பதிலாக ஒரு துண்டு கித்துள் வெல்லம். அந்தப் பிள்ளை ஆங்கிலமும் சிங்களமும் கலந்து சொன்னாள்: 2009இல் அவளுக்கு ஒன்பது வயது. பள்ளிக்கூடத்தில் எல்லாருக்கும் கொடி தந்தார்கள், வீதியில் பாற்சோறு கொடுத்தார்கள், அவளும் கொடி ஆட்டினாள். "நாங்கள் கேட்கவில்லை. இப்போது கேட்கிறோம்." மன்னிப்பு என்ற சொல்லை அவள் சொல்லவில்லை. அது எனக்குப் பெரிய ஆறுதல். சொல்லியிருந்தால் நான் என்ன பதில் சொல்வது?

அதற்கு அப்பால் ஊனமுற்ற இராணுவ வீரர்களின் கூடாரம். அதைச் சுற்றிக்கொண்டு போகத்தான் நினைத்தேன். ஒருவர் பிளாஸ்டிக் கதிரையில் இருந்தபடி, "மல்லி, கொஹெந்த?" என்று கூப்பிட்டுவிட்டார். தம்பி, எங்கிருந்து? சொன்னேன். முழங்காலுக்குக் கீழே இல்லாத காலைத் தட்டி, "முகமாலை" என்றார். தமிழ் உச்சரிப்பில், சுத்தமாக. அந்த ஊர்ப்பெயரை அவர் என்னைவிடக் கவனமாகச் சொன்னார். நேற்று அந்தப் பக்கமாக வந்தேன், இன்னும் சிவப்புப் பலகை நிற்கிறது என்றேன். தலையாட்டினார். "நிற்கும்." அவ்வளவுதான். அவர் இங்கே வந்தது ஓய்வூதியப் பிரச்சினைக்காக. முகமாலைக்காக இல்லை. அதையும் எழுதிவிட வேண்டும், இல்லாவிட்டால் நான் கதை கட்டுகிறேன் என்று ஆகிவிடும்.

மாலையில் சனம் கூடியது. அலுவலகம் முடிந்து கழுத்தில் அடையாள அட்டையோடு வருகிறார்கள், குழந்தைகளைத் தோளில் வைத்துக்கொண்டு வருகிறார்கள். மேளம். கோட்டாபயவின் தம்பி பசிலைக் காகமாக்கிய 'கபுடு காக் காக் காக்' பாட்டுக்குச் சின்னப் பிள்ளைகள் இறக்கை அடிக்கிறார்கள். அதே நேரம் நாடாளுமன்றச் செய்தி வந்தது. கோட்டாபய மீது அதிருப்தி தெரிவிக்கும் பிரேரணையை உடனே விவாதத்துக்கு எடுக்க வேண்டும் என்று தமிழ்த் தேசியக் கூட்டமைப்பு எம்.பி. சுமந்திரன் கேட்டிருக்கிறார். வேண்டாம் என்று 119 பேர், வேண்டும் என்று 68 பேர். புதுப் பிரதமரும் வேண்டாம் பக்கம். கோஷம் உடனே மாறியது: 225 பேரும் வீட்டுக்குப் போ.

நானும் வாயைத் திறந்தேன். 'கோட்டா கோ ஹோம்' என்று மூன்று தரம் சொல்லியிருப்பேன். தாளம் நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் ஏதோ ஒட்டவில்லை. என்ன என்று பிடிபடாமல் ஒரு இறால் வடை வாங்கிச் சாப்பிட்டேன்.

மே 18, புதன்

இன்று என்ன நாள் என்று வடக்கில் யாருக்கும் சொல்லத் தேவையில்லை.

என்னோடு படித்த நண்பன் ஒருவன் புறக்கோட்டையில் கடையொன்றில் கணக்கு எழுதுகிறான். புதுக்குடியிருப்பு ஆள். 2009இல் நான் யாழ்ப்பாணத்தில், குண்டு விழாத ஊரில் இருந்தேன். அவன் கடைசி வரை உள்ளே இருந்தான். நாங்கள் நெருக்கமான நண்பர்கள்தான், ஆனால் அந்த ஐந்து மாதத்தைப் பற்றி அவன் பேசியதில்லை, நான் கேட்டதில்லை. காலிமுகத்திடலில் முள்ளிவாய்க்கால் கஞ்சி கொடுக்கப் போகிறார்களாம் என்று காலையில் தகவல் போட்டேன். பதில் இல்லை. பத்து மணிக்கு, "யாருக்கு?" என்று வந்தது. மத்தியானம் வேறொன்று: "நீ போறியா?"

அவன் இந்த நாற்பது நாளில் அந்தப் பக்கம் எட்டியும் பார்த்ததில்லை. கடையில் இருந்து நடந்தால் அரை மணி நேரம்.

நாங்கள் போய்ச் சேர்ந்தபோது நிகழ்வு தொடங்கியிருந்தது. விளக்கு, பூக்கள். பாதிரியார்கள், காவியுடைத் துறவிகள், தமிழ்ப் பெண்கள் சிலர், சிங்கள மாணவர்கள். கூட்டம் பெரிதில்லை. நேற்று மாலைக் கூட்டத்தோடு ஒப்பிட்டால் ஒரு மூலைக்குக் காணும். ஆனால் போன வருடம் இதே நாளில் முள்ளிவாய்க்காலிலேயே விளக்கு ஏற்ற விடவில்லை. 2021 ஜனவரியில் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் இருந்த நினைவுத்தூபியை இரவோடு இரவாக இடித்தார்கள். இப்போது கொழும்பில், கோட்டாபயவின் அலுவலக வாசலில், அவர் பாதுகாப்புச் செயலாளராக இருந்து நடத்திய போரில் செத்தவர்களுக்குக் கஞ்சி. கைபேசியில் பார்த்திருந்தால் நம்பியிருக்க மாட்டேன்.

கஞ்சி என்றால் தெரியாதவர்களுக்கு: 2009 போரின் கடைசி வாரங்களில் முள்ளிவாய்க்கால் கடற்கரைத் துண்டில் சனத்துக்குக் கிடைத்த ஒரே சாப்பாடு அதுதான். அரிசி, தண்ணீர், இருந்தால் உப்பு. பால் இல்லை, தேங்காய் இல்லை. அதை வாங்க வரிசையில் நின்றபோது செல் விழுந்து செத்தவர்களும் உண்டு. அதனால்தான் ஒவ்வொரு மே மாதமும் கஞ்சி காய்ச்சிக் கொடுக்கிறோம்.

எங்களுக்கும் கடதாசிக் கோப்பையில் தந்தார்கள். என் நண்பன் இரண்டு கையாலும் வாங்கினான். உடனே குடிக்கவில்லை. கோப்பையை மெல்லச் சரித்து உள்ளே பார்த்தான். சரித்தபோது கஞ்சி ஓடவில்லை, பிசுபிசுவென்று நகர்ந்தது.

"தடிப்பாக்கிடக்கு," என்றான்.

எனக்கு விளங்கவில்லை.

"அப்ப, சோத்தை எண்ணலாம். தங்கச்சி எண்ணிப்போட்டுத்தான் குடிப்பாள். பதினேழு, பதினெட்டு எண்டு. கூட வந்தால் எனக்குக் காட்டுவாள்."

அவனுக்குத் தங்கச்சி இருந்ததே எனக்கு இன்றைக்குத்தான் தெரியும். இருபது வருடப் பழக்கம்.

குடித்து முடித்தான். கோப்பையைக் கசக்கிச் சட்டைப் பைக்குள் வைத்தான். குப்பைக் கூடை பக்கத்திலேயே இருந்தது. பக்கத்தில் நின்ற இளைஞன் ஒருவன், நீளமான தலைமுடி, கையில் இன்னும் நிரம்பிய கோப்பை, என்னிடம் சிங்களத்தில் கேட்டான்: இதில் சீனி போடுவதில்லையா? நான் பதில் தேடுவதற்குள் என் நண்பனே நல்ல சிங்களத்தில் சொல்லத் தொடங்கினான். அரிசி எங்கிருந்து வந்தது, யார் காய்ச்சியது, எத்தனை மணிக்கு வரிசை, குழிக்குள் எப்படி இருப்பது. என்னிடம் சொல்லாததையெல்லாம் பெயர் தெரியாத ஒருவனிடம், ஏதோ சமையல் குறிப்புச் சொல்கிறவன் போல, ஒரே குரலில் சொன்னான். அந்தப் பையன் கோப்பையைக் கீழே வைக்கவும் இல்லை, குடிக்கவும் இல்லை. நான் கொஞ்சம் தள்ளிப்போய் நின்றேன்.

சற்றுத் தூரத்தில் நேற்று நான் திருத்திய மட்டை நின்றது. அம்புக்குறியோடு.

திரும்பி வரும்போது செய்தி: இரண்டு நாளைக்கு யாரும் பெற்றோல் வரிசையில் நிற்க வேண்டாமாம், எரிசக்தி அமைச்சர் கேட்டுக்கொள்கிறார். கப்பல் வெளியே கடலில் நிற்கிறது, காசு கட்டினால்தான் இறக்குவார்கள். வரிசையில் நின்றவர்கள் யாரும் அசையவில்லை.

மாமியிடம் கஞ்சி குடித்த கதையைச் சொன்னேன். ஒன்றும் சொல்லாமல் இருந்தார். பிறகு, "சிங்களப் பெடியங்களும் குடிச்சவங்களே?" என்று கேட்டார். ஓம் என்றேன். "அடிக்க வரேல்லையே?" இல்லை என்றேன். இரண்டு கேள்விக்கும் நடுவில் மாமி கதவுத் தாழ்ப்பாளைச் சரிபார்த்துவிட்டு வந்தார்.

மே 19, வியாழன்

சான்றிதழ் வேலை. ஒரு அலுவலகத்தில் கரண்ட் இல்லை, அடுத்ததில் கரண்ட் இருந்தது, அலுவலர் பெற்றோல் வரிசையில். மூன்று மணிக்கு எல்லா முத்திரையும் விழுந்தது. மத்திய வங்கி ஆளுநர் நாடு கடனைத் திருப்பிக் கட்டத் தவறிய நிலைக்கு வந்துவிட்டது என்று சொன்னதாக எல்லாரும் பேசிக்கொண்டிருந்தார்கள். சுதந்திரத்துக்குப் பிறகு இதுதான் முதல் தடவையாம். சொன்னவர்கள் அதே மூச்சில் மத்தியானச் சாப்பாட்டைப் பற்றியும் பேசினார்கள். மாலையில் திடலுக்குப் போகவில்லை. கால் நோ.

மே 20, வெள்ளி

இன்று நாடு முழுக்கப் பள்ளிக்கூடம் இல்லை, அத்தியாவசிய வேலையில் இல்லாத அரச ஊழியர்களும் வர வேண்டாம். எரிபொருளை மிச்சம் பிடிக்க. யாழ்தேவியில் இடம் பிடிப்பது பெரும்பாடாகிவிட்டது. மாகோ வரை நின்றுகொண்டுதான் வந்தேன்.

வவுனியாவில் இறங்கிவிட்டேன். டிக்கெட் யாழ்ப்பாணம் வரை இருந்தது. ஏன் இறங்கினேன் என்றால், போகும்போது ரயில் யன்னலில் தெரியாத ஒன்றைப் பார்க்க. ஏ9 வீதியோரம் காணாமல் ஆக்கப்பட்டவர்களின் உறவுகள் கொட்டகை போட்டுச் சுழற்சி முறையில் இருக்கிறார்கள். 2017 பெப்ரவரி 24ஆம் திகதி தொடங்கியது. கிளிநொச்சியில் அதற்கும் நாலு நாள் முந்தி. நான் இந்த வழியால் எத்தனை தரம் போயிருப்பேன், பஸ் வேகத்தைக் குறைக்கும்போது யன்னலால் பார்த்ததோடு சரி. இவ்வளவு தூரம் போய்க் கோட்டாகோகமவைப் பார்த்தவன் இதைப் பார்க்காமல் போவது அழகில்லை.

நூலகம் இல்லை, மேளம் இல்லை. மூன்று அம்மாமார், ஒரு மண்பானை, வரிசையாகப் படங்கள். திடலில் 40 நாளை எண்ணிக் கொண்டாடுகிறார்கள். இங்கே எண்ணிக்கை 1,900ஐத் தாண்டிவிட்டது. இந்தக் காலத்துக்குள் பிள்ளையைக் காணாமலே செத்துப்போன அம்மா அப்பாமாரின் படங்களும் பிள்ளைகளின் படங்களோடு சேர்ந்துவிட்டன.

கொழும்பில் இருந்து வருகிறேன் என்றதும் ஒரு அம்மா இருக்கச் சொன்னார்.

"அங்க எப்பிடி? சாப்பாடு குடுக்கினமோ?"

"ஓம் அம்மா. நல்ல சனம்."

"இரவில பொம்பிளைப் பிள்ளையளும் நிக்குதுகளோ?"

"ஓம்."

"பயமில்லைப் போல." சிரித்தார். பிறகு, "அவன் இன்னும் போகேல்லையே?"

"இன்னும் இல்லை. போகச் சொல்லித்தான் கத்தினம்."

அம்மா விசிறியை மற்றக் கைக்கு மாற்றினார்.

"போகத்தான் வேணும். ஆனா தம்பி, அவன் போயிட்டா நாங்கள் ஆரிட்டைப் போய்க் கேக்கிறது?"

2020 ஜனவரியில், காணாமல் போனவர்கள் உண்மையில் இறந்துவிட்டார்கள் என்று ஐ.நா. அதிகாரியிடம் கோட்டாபய சொன்னதாகச் செய்தி வந்தபோது, இந்தக் கொட்டகைகளில் இருந்தவர்கள் திருப்பிக் கேட்டது அதுதான். இறந்தார்கள் என்றால் எங்கே, எப்படி, யார் கையில்? ஒப்படைத்தது உங்கள் ஆட்களிடம்தானே? செவ்வாய்க்கிழமை மாலை வாயில் ஒட்டாமல் போன அந்தக் கோஷத்தை நினைத்துக்கொண்டேன்.

நான் என்ன வேலை என்று கேட்டார். கொமினிகேசன் கடை என்றேன். அம்மா எழும்பி, கம்பியில் கட்டியிருந்த ஒரு படத்தைக் கழற்றிக்கொண்டு வந்தார். லமினேற் பண்ணியது, ஓரம் பிரிந்து தண்ணீர் உள்ளே போயிருக்கிறது. பள்ளிச் சீருடை போட்ட பெடியன். வெயிலில் முகம் நீலமாக வெளிறி, மூக்கும் வாயும் கரைந்துவிட்டன. கண் மட்டும் தெரிகிறது.

"இதைப் புதுசாக்கித் தருவியே? வேற படம் இல்லை. எல்லாம் அங்க விட்டிட்டு வந்தது."

முடியும் என்றேன். கண்ணை வைத்துக்கொண்டு மிச்சத்தை எப்படி எடுப்பது என்று இப்போதும் தெரியவில்லை; ஸ்கான் பண்ணிப் பார்க்க வேண்டும். எவ்வளவு வரும் என்று கேட்டார். வேண்டாம் என்றேன். சும்மா வேண்டாம் தம்பி என்று 100 ரூபாவை என் சட்டைப் பையில் திணித்தார்.

படத்தைத் தங்கச்சியின் சான்றிதழ்களுக்கு நடுவில், மடியாமல் வைத்துக்கொண்டு யாழ்ப்பாண பஸ் ஏறினேன். கடையில் கலர் மை இன்னும் கொஞ்சம் இருக்கிறது. நாளைக் காலை திறப்பேன், கரண்ட் இருந்தால்.